ஏச வேண்டியது யாரை?

அண்மைக் காலமாக நமது நூல் வெளியீட்டு விழாக்களில் ஒரு வசனம் தவறாமல் ஒலிக்கிறது: "இந்தக் கையடக்கத் தொலைபேசி வந்து நமது கலையையும் வாசிப்பையும் அழித்துவிட்டது." சபை தலையாட்டும். கூட்டம் முடிந்ததும் பேச்சாளர் உட்பட எல்லோரும் அதே தொலைபேசியை எடுத்துப் பார்க்கத் தொடங்குவோம்.

கிராமப் பாடசாலையொன்றில் நீண்டகாலம் படிப்பிக்கிறவன் என்ற வகையில், இந்த ஒப்பாரியோடு எனக்கு உடன்பாடில்லை.

வானொலிக் காலமே பொற்காலம் என்கிறார்கள். மின்சாரம் இல்லாத வீட்டில், வெயிலில் காயவைத்த பற்றறியைப் போட்டு நாடகம் கேட்டு வளர்ந்தவன்தான் நானும். ஆனால் அந்தப் பெட்டிக்குள் யார் பேசலாம் என்பதைக் கொழும்பிலிருந்த சிலரே தீர்மானித்தார்கள். வயலில் கவி பாடிய எங்கள் ஊர்ப் பெண்களின் குரல் அதற்குள் எத்தனை தடவை போனது? 1982இல் ரூபவாஹினி வந்த பிறகும் கதை அதுதான்.

2005இல் யூடியூப் வந்தது. கதவு திறந்தது; யாரும் எதையும் ஏற்றலாம் என்றானது. ஆனால் காவற்காரன் போய்விடவில்லை, ஆள்தான் மாறியிருக்கிறான். எத்தனை பேர் திறந்தார்கள் என்பதைவிட, எவ்வளவு நேரம் பார்த்தார்கள் என்பதற்கு 2012இல் அந்தத் தளம் முதலிடம் கொடுக்கத் தொடங்கியது. பிடித்து வைத்திருப்பதே மேலே வரும். பழைய காவற்காரனுக்குத் தபாலட்டை எழுதிச் சண்டை பிடிக்கலாம். இவனோடு வாதாட முகமுமில்லை, முகவரியுமில்லை. என் வகுப்புப் பிள்ளைகள் தென்னிந்தியப் படங்களின் அரை நிமிடத் துண்டுகளை வரி பிசகாமல் ஒப்புவிக்கிறார்கள். ஒரு நாட்டார் கவி கேட்டால் விழிக்கிறார்கள்.

இது இயந்திரத்தின் குற்றமா? பாதி. மறுபாதி நம்முடையது. இல்லாத ஒன்றை எந்த இயந்திரமும் காட்டாது. 2005 முதல் 'நூலகம்' ஈழத்து நூல்களையும் சஞ்சிகைகளையும் மின்வடிவமாக்கி, எவரும் இலவசமாக வாசிக்கத் தருகிறது. அதுவும் இதே தொழில்நுட்பம்தான். நாமோ ஐந்நூறு பிரதி அச்சடித்து, முந்நூறைக் கட்டிலுக்குக் கீழே அடுக்கிவிட்டு, வாசகன் இல்லை என்கிறோம்.

குற்றவாளிக் கூண்டில் முதலில் நானே ஏறுகிறேன். என் மூத்தம்மாவுக்கு எத்தனையோ கவிகள் தெரியும். நெல் புடைக்கும்போதும் பிள்ளையைத் தாலாட்டும்போதும் அவ பாடுவா. 2014இல் மௌத்தானா. குரல் பதியக்கூடிய தொலைபேசி அப்போது என் சட்டைப் பையிலேயே இருந்தது. "அடுத்த லீவுக்குப் பதிவோம்" என்று நாள் கடத்தினேன். இன்று என் கையில் நாலு வரி மிச்சமில்லை.

ஆகவே நண்பர்களே, அடுத்த மேடையில் தொலைபேசியை ஏசுவதற்கு முன் உங்கள் ஊரில் கவி தெரிந்த ஒரு முதியவரைத் தேடிப் போங்கள். பக்கத்தில் உட்காருங்கள். சம்மதம் கேட்டு, பதிவுப் பொத்தானை அழுத்துங்கள். லீவு வரும்வரை காத்திருக்க வேண்டாம்.