முறை வைத்து வரும் விருந்தினர்

ஜூன் மாதம் பிறந்துவிட்டால், சென்னையிலிருந்தும் கோவையிலிருந்தும் இளைஞர் குழுக்கள் வடக்கு நோக்கிப் புறப்படுகின்றன. சிலர் தங்கள் மோட்டார் சைக்கிள்களை ரயிலில் பார்சலாக அனுப்பிவிட்டுச் சென்று எடுத்துக்கொள்கின்றனர். பலர் மணாலியில் நாள் வாடகைக்கு ஒரு வண்டியைப் பிடிக்கின்றனர். நெடுங்காலமாக இவர்களின் கனவு லடாக்காக இருந்தது. அண்மைக்காலமாக அதற்கு இணையாக இன்னொரு பெயரும் அடிபடுகிறது: ஹிமாசலப் பிரதேசத்தின் ஸ்பிதி பள்ளத்தாக்கு.

வெளிநாட்டவர் 1992 வரை நுழைய இயலாமல் இருந்த எல்லைப் பகுதி அது. ஸ்பிதியை உள்ளடக்கிய லாஹௌல்-ஸ்பிதி மாவட்டத்தின் பரப்பு 13,841 சதுர கி.மீ.; 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி அங்கு வாழ்வோர் 31,564 பேர். அதாவது, சதுர கி.மீ.க்கு இருவர். நம் ஊரில் ஒரு பேரூராட்சியில் அடங்கிவிடக்கூடிய மக்கள், ஒரு பெருநிலப்பரப்பில் சிதறி வாழ்கின்றனர். கி.பி. 996-இல் நிறுவப்பட்ட தாபோ மடாலயம் இன்றும் வழிபாட்டில் இருக்கிறது என்பதிலிருந்தே அந்தச் சமூகத்தின் தொன்மையை உணரலாம்.

இத்தகைய நிலப்பரப்பில் ஒரு வாரம், பத்து நாள் என்று வண்டியோட்டி, கிராமத்து வீடுகளிலேயே தங்கி, அவர்கள் சமைப்பதையே உண்டு திரும்பும் பயணம் நல்லதா, கெட்டதா? இதற்கு ஒற்றைச் சொல்லில் விடை கூற முடியாது. ஒரே வண்டி, ஒரே பாதை, ஒரே பயணி. ஆனால், இரவை எங்கே, எந்த ஏற்பாட்டின்கீழ் கழிக்கிறார் என்பதைப் பொறுத்து அந்தப் பயணம் கிராமத்துக்கு வருவாயாகவும் ஆகலாம், வெறும் புழுதியாகவும் ஆகலாம்.

காஸா என்னும் சிற்றூர்தான் பள்ளத்தாக்கின் தலைமையிடம். அங்கிருந்து மேலே ஏறினால், லாங்ஸா, ஹிக்கிம், கோமிக் என்று மூன்று கிராமங்கள் அடுத்தடுத்து வரும். மூன்றுமே ஏறத்தாழ 4,400 மீட்டரோ அதற்கு மேலோ உள்ளவை. காலையில் காஸாவில் கிளம்பும் வாகனம், லாங்ஸாவின் புத்தர் சிலை முன் ஒரு புகைப்படம், 1983 முதல் இயங்கும் ஹிக்கிம் அஞ்சலகத்திலிருந்து வீட்டுக்கு ஓர் அஞ்சலட்டை, கோமிக் மடாலயத்தில் சற்று நேரம் என்று முடித்துக்கொண்டு மதிய உணவுக்குக் காஸாவுக்கே திரும்பிவிடுகிறது. அந்த மூன்று ஊர்களுக்கும் கிடைப்பது தேநீர்க் காசும் அஞ்சலட்டைக் காசும். பயணத்தின் பெருஞ்செலவான வண்டி வாடகை மணாலிக்குப் போகிறது. பெட்ரோலும் அறை வாடகையும் காஸாவில் நின்றுவிடுகின்றன.

அதே பயணி லாங்ஸாவிலோ டெமுலிலோ ஓர் இரவு தங்கினால் கணக்கு மாறுகிறது. ஹோம்ஸ்டே என்று இன்று எல்லாரும் சொல்லும் ஏற்பாட்டின் அடிப்படையே, வீட்டுக்காரர் குடும்பம் வாழும் அதே வீட்டில் விருந்தினருக்கும் இடமளிப்பதுதான். ஹிமாசல அரசு 2008-இலேயே இதற்கென ஒரு திட்டம் கொண்டுவந்தது. அடுப்படியைச் சுற்றி அமர்ந்து உண்ணும் சோற்றுக்கும் பருப்புக்கும், தேநீருக்கும், கம்பளிப் போர்வைக்கும் பயணி தரும் பணம் இடைத்தரகர் இன்றி அந்தக் குடும்பத்துக்கே சேர்கிறது.

ஆனால், இங்குதான் பலரும் கவனிக்கத் தவறும் ஒன்று இருக்கிறது. டெமுல் கிராமத்தில் விருந்தினரை வீட்டுக்கு வீடு முறை வைத்து அனுப்புகின்றனர். எந்த வீட்டில் தங்குவது என்பதைப் பயணி முடிவு செய்வதில்லை. ஊர் முடிவு செய்கிறது. சாலையோரத்து வீட்டுக்கும் கடைக்கோடி வீட்டுக்கும், ஆங்கிலம் பேசும் மகன் இருக்கும் வீட்டுக்கும் கிழவி ஒருத்தி மட்டும் இருக்கும் வீட்டுக்கும் முறை ஒன்றே.

ஏரிப் பாசனத்தில் முறை வைத்து மடை திறந்து பழகிய நம் ஊர்ப் பெரியவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. ஸ்பிதியிலும் இந்தப் பண்பின் வேர் நீரில்தான் இருக்கிறது என்று கருத இடமுண்டு. மழை மிக அரிதான குளிர் பாலைவனம் அது. பனி உருகி வரும் ஓடைநீரைக் 'கூல்' எனப்படும் வாய்க்கால்களில் திருப்பி, பங்கிட்டுத்தான் பார்லியும் பட்டாணியும் விளைவிக்கின்றனர். நிலம் துண்டாடப்படாமல் இருக்க மூத்த மகனுக்கே முழுவதையும் கொடுத்து, இளையவர்களை மடாலயத்துக்கு அனுப்பும் வழக்கம் நெடுங்காலம் இருந்தது. அதன் நியாய அநியாயங்கள் வேறு விவாதம். நீர் எவ்வளவோ, வீடுகள் அவ்வளவே என்று தனக்குத் தானே வரம்பு கட்டிக்கொண்ட சமூகம் அது என்பதுதான் இங்கு கருத வேண்டியது. புதிதாக வந்த சுற்றுலா வருவாயையும் அந்தச் சமூகம் ஓடைநீரைப் போலவே பார்த்திருக்கிறது.

இந்த முறைக்கு இப்போது மூன்று திசைகளிலிருந்து நெருக்கடி வருகிறது.

முதலாவது, கைப்பேசி. எல்லையோரத்து கியூ கிராமம் 2024 ஏப்ரலில்தான் முதன்முதலாகக் கைப்பேசி இணைப்பைப் பெற்றது. பிரதமரே அக்கிராமத்தினருடன் தொலைபேசியில் உரையாடினார். பனிக்காலத்தில் நோயாளி ஒருவருக்கு உதவி கோர வழியில்லாமல் தவித்த ஊர்களுக்கு இது பெரும் வரம் என்பதில் ஐயமில்லை. அதே இணைப்பின் வழியே இணைய முன்பதிவும் நட்சத்திர மதிப்பீடும் வரும். முன்பதிவுத் தளம் ஊரை அறியாது. வீட்டை மட்டுமே அறியும். நல்ல புகைப்படம் எடுத்துப் போட்ட வீடு நிரம்பி வழிய, பக்கத்து வீடு வெறுமையாக இருக்கும். முறை என்பது அங்கே தானாகவே அற்றுப்போகும். இதற்கு யாரும் சதி செய்ய வேண்டியதில்லை. பயணியின் விரல் ஒன்று போதும்.

இரண்டாவது, கழிப்பறை. முகஞ்சுளிக்க வேண்டாம்; இதுதான் இந்தக் கட்டுரையின் மையம் என்றுகூடச் சொல்லலாம். ஸ்பிதி வீடுகளின் மரபான கழிப்பறைக்குத் தண்ணீர் தேவையில்லை. மேல்தளத்தில் ஒரு துளை. கீழே ஓர் அறை. பயன்படுத்தியவர் மண்ணையோ சாம்பலையோ அள்ளிப் போட்டுவிட்டு வர வேண்டும். அது உலர்ந்து மட்கி, உழவு தொடங்கும்போது வயலுக்கு எருவாகிறது. குளிர்காலத்தில் குழாய்நீர் உறைந்துபோகும் நாட்டில் இதைவிடப் பொருத்தமான ஏற்பாட்டை எந்தப் பொறியாளரும் எளிதில் வகுத்துவிட முடியாது.

வரும் விருந்தினரோ தண்ணீர் ஊற்றும் கழிப்பறையும் வெந்நீர்க் குளியலும் கேட்கின்றனர். அவர்களை மட்டும் குறை கூறிப் பயனில்லை. தங்குமிடங்களைத் தரப்படுத்த மத்திய சுற்றுலாத் துறை வகுத்த நெறிமுறைகளே அறையோடு இணைந்த குளியலறையைத் தரத்தின் அடையாளமாகக் கொள்கின்றன. சமவெளி நகரத்தை மனத்தில் வைத்து எழுதப்பட்ட அளவுகோல் அது. தண்ணீர் ஊற்றும் கழிப்பறை ஒன்று ஒவ்வொரு முறையும் சில லிட்டர் நீரை விழுங்கும். அந்த நீர் வயலுக்குப் போக வேண்டிய நீர். கடுங்குளிரில் கழிவுத்தொட்டிக்குள் கழிவு மட்குவதும் மிக மெதுவாகவே நிகழும். எருவும் போய், நீரும் போய், நிலத்தடியில் மாசு மட்டும் எஞ்சுகிறது.

மூன்றாவது நெருக்கடி பருவத்தினுடையது. குன்சும் கணவாய் திறந்திருப்பது ஏறத்தாழ ஜூன் முதல் அக்டோபர் வரைதான். ஆண்டுக்கு ஒரே போகம் விளையும் அந்நிலத்தின் வேளாண் பருவமும் அதுவே. பச்சைப் பட்டாணி பறிக்கும் நாள்களும் வண்டிகள் வந்து குவியும் நாள்களும் ஒன்றாகவே அமைகின்றன. வயலிலும் அடுப்படியிலும் ஒரே நேரத்தில் உழைப்பவர்கள் பெண்கள். சுற்றுலா வருவாய் குறித்த அரசு அறிக்கைகளில் இந்த இரட்டைச் சுமை ஒரு வரியாகக்கூட இடம்பெறுவதில்லை. முறை வைக்கும் ஏற்பாடு இருக்கும்வரை ஒரு வீட்டுக்குத் தொடர்ந்து விருந்தினர் வருவதில்லை. இடையில் சில நாள் ஓய்வு கிடைக்கும். முறை குலைந்தால், பெயர் பெற்ற வீட்டுப் பெண்ணுக்கு அந்த ஓய்வும் இல்லை. மற்ற வீட்டுப் பெண்ணுக்கு வருவாயே இல்லை.

அரசின் பார்வை எங்கே இருக்கிறது? 2023 பிப்ரவரியில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் அளித்த 'துடிப்பான கிராமங்கள்' திட்டம், ஹிமாசலம், உத்தரகண்ட், சிக்கிம், அருணாசலம், லடாக் ஆகியவற்றின் வடக்கு எல்லையோரக் கிராமங்களுக்கானது. ஒதுக்கீடு ரூ.4,800 கோடி; அதில் ரூ.2,500 கோடி சாலைகளுக்கு. எல்லைக் கிராமங்களிலிருந்து மக்கள் வெளியேறாமல் தடுப்பதே நோக்கம். சுற்றுலாவும் அதற்கு ஒரு கருவி. நோக்கத்தில் பிழையில்லை.

சாலையை எதிர்ப்பது சமவெளிக்காரனின் சொகுசு. 2017-இல் சிச்சம் பாலம் திறக்கப்படும் வரை, கிப்பருக்கும் சிச்சத்துக்கும் இடையிலுள்ள ஆழ்ந்த பிளவை மக்கள் இரும்புக் கயிற்றில் தொங்கும் கூடையில் அமர்ந்து கடந்தனர். அந்தக் கூடையில் நோயாளியை ஏற்றியவர்களிடம் போய் பழைமையின் அழகைப் பேச முடியாது. இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும்: இந்த மலைச்சாலைகளை அமைப்பதிலும் பழுதுபார்ப்பதிலும் ஜார்க்கண்ட் போன்ற மாநிலங்களிலிருந்து வந்து கூடாரங்களில் தங்கி உழைப்போரின் பங்கு பெரிது. வண்டியோட்டிகளின் காணொலிகளில் அவர்கள் ஒரு நொடி தோன்றி மறைகின்றனர்.

ஆனால், சாலை மேம்படும்போது தங்கும் இரவுகள் குறைகின்றன என்பதும் உண்மை. 2020 அக்டோபரில் 9.02 கி.மீ. நீள அடல் சுரங்கப்பாதை திறக்கப்பட்ட பிறகு, ரோதாங் கணவாயில் ஏறி இறங்க வேண்டிய கட்டாயம் நீங்கியது. விடியற்காலையில் மணாலியில் கிளம்பி, ஏறத்தாழ 4,550 மீட்டர் உயர குன்சும் கணவாயைக் கடந்து, அன்றிரவே காஸாவில் படுப்பது இன்று வழக்கமாகிவிட்டது. மணாலியின் உயரம் ஏறத்தாழ 2,000 மீட்டர். மூவாயிரம் மீட்டருக்கு மேல் போனால், உறங்கும் இடத்தின் உயரத்தை நாளொன்றுக்கு 500 மீட்டருக்கு மேல் கூட்டக் கூடாது என்பது மலைநோய் குறித்த பொதுவான மருத்துவ அறிவுரை. கடல்மட்டத்திலிருந்து போகும் சென்னை இளைஞருக்கு இது இரட்டிப்பாகப் பொருந்தும். வழிக் கிராமங்களில் தங்கித் தங்கிப் போவது கிராமத்துக்கு மட்டுமல்ல, போகிறவரின் நுரையீரலுக்கும் நல்லது.

விரைவின் விலையை 2023 ஜூலை காட்டியது. ஹிமாசலத்தைப் பெருமழை புரட்டிப் போட்ட அந்த வாரத்தில், சந்திரதால் ஏரிப் பகுதியில் கடும் பனி பொழிந்து, கூடாரங்களில் இருந்த ஏறத்தாழ 300 பயணிகள் பல நாள்கள் சிக்கிக்கொண்டனர். மாநில அமைச்சர் ஒருவரே நேரில் சென்று மீட்புப் பணியில் ஈடுபட நேர்ந்தது. ராம்சார் பட்டியலில் 2005-இல் இடம்பெற்ற ஈரநிலம் அது. பனிபெய்தால் ஒதுங்க ஒரு வீடுகூட அருகில் இல்லாத இடம்.

நீலகிரியிலும் கொடைக்கானலிலும் இதே சிக்கலுக்கு நாம் ஒரு விடையைத் தேடிக்கொண்டிருக்கிறோம். சென்னை உயர்நீதிமன்ற உத்தரவின்படி 2024 மே 7 முதல் இ-பாஸ் முறை வந்தது. 2025 கோடைக்கு, நீலகிரியில் வார நாள்களில் 6,000, வார இறுதியில் 8,000 வாகனங்கள் என்றும், கொடைக்கானலில் 4,000, 6,000 என்றும் வரம்பு விதிக்கப்பட்டது. நெரிசலில் மூச்சுத்திணறும் மலைநகரங்களுக்கு வாகனக் கணக்கு தவிர்க்க முடியாதது. ஆனால், அந்த அளவுகோலை அப்படியே ஸ்பிதி போன்ற இடத்துக்குக் கொண்டுபோனால் பிழையாகிவிடும். பத்து நாளில் எட்டு இரவுகளைக் கிராமங்களில் கழிக்கும் ஒருவரும், இரண்டே நாளில் சுற்றிவிட்டுத் திரும்பும் ஒருவரும் அந்தக் கணக்கில் தலைக்கு ஒரு வண்டிதான்.

எண்ண வேண்டியது இரவுகளை. அதுவும் ஊர் வாரியாக. ஒரு கிராமம் ஓர் இரவில் எத்தனை பேரைத் தாங்கும் என்பதை அதன் ஓடைநீரை அறிந்த கிராம சபையே கூற வேண்டும். முன்பதிவு, வீட்டின் பெயரில் அல்லாமல் ஊரின் பெயரில் நடக்க வேண்டும். யார் வீடு என்பதை ஊர் தீர்மானிக்கட்டும். முன்பதிவுத் தளங்களுக்கு இது தொழில்நுட்பச் சிக்கலே அல்ல; விருப்பம்தான் தேவை. உலர் கழிப்பறையைக் குறைபாடாகக் கருதாமல், உயர்மலைப் பகுதிக்குரிய தரமாகவே பதிவு விதிகளில் ஏற்க வேண்டும். துடிப்பான கிராமங்கள் திட்டத்தின் நிதியில் சாலைக்குப் போவது போக எஞ்சியதில், வாய்க்கால் பராமரிப்புக்கும் இந்தக் கழிப்பறைகளின் மேம்பாட்டுக்கும் ஒரு பங்கு ஒதுக்குவது பெருஞ்செலவு ஆகாது. வாடகை வண்டிகளின் வருவாயில் உள்ளூருக்குப் பங்கு வேண்டும் என்ற கோரிக்கை லடாக்கில் ஏற்கெனவே வலுத்து, வெளியூர் வாடகை வண்டிகளை அங்கு ஓட்டுவதற்கே எதிர்ப்பு இருக்கிறது. ஸ்பிதியில் அத்தகைய மோதல் மூளும்வரை காத்திருக்கத் தேவையில்லை.

இவையெல்லாம் நடக்கும்போது நடக்கட்டும். இந்த ஜூனில் புறப்படுகிறவர்கள் சிம்லா, கின்னௌர், நாக்கோ, தாபோ வழியாக மெல்ல ஏறி, திரும்பும்போது குன்சும் வழியாக மணாலிக்கு இறங்கலாம். உடலும் பழகும், வழியில் இரவுகளும் கூடும். டெமுலில் ஊரார் கைகாட்டும் வீட்டுக்கே போகலாம், பக்கத்து வீட்டில் சன்னல் பெரிதாக இருந்தாலும். அங்கே கழிப்பறைக்குள் ஒரு மண்வெட்டி சாய்த்து வைக்கப்பட்டிருந்தால், அது அலங்காரத்துக்கு அல்ல.