மைக் போன பிறகு

2024 மார்ச்சில் முத்தியால்பேட்டையில் 9 வயதுச் சிறுமி கொலையுண்டபோது புதுச்சேரியே கொதித்தது. எங்கும் மறியல், 8-ஆம் தேதி முழு அடைப்பு. பெற்றவர்கள் மைக்குகளுக்கு நடுவே நின்று நியாயம் கேட்டார்கள். கேட்டவர்களுக்குத் தொண்டை அடைத்தது. அரசும் அசைந்தது, சிறப்புக் குழு அமைத்தது, 20 லட்சம் ரூபாய் நிவாரணம் அறிவித்தது. கைதான இருவரில் ஒருவர் செப்டம்பரில் காலாப்பட்டுச் சிறையிலேயே இறந்துபோனார்.

பேட்டி வேறு, சாட்சியம் வேறு. கூண்டில் ஏறிச் சொல்வதுதான் கோர்ட்டில் எடுபடும். அந்த நாள் வருவதற்குள் வருடங்கள் ஓடிவிடுகின்றன. புதுச்சேரி இதைக் கண்ணால் கண்ட ஊர். காஞ்சிபுரம் வரதராஜப் பெருமாள் கோயில் மேலாளர் சங்கரராமன், 2004 செப்டம்பர் 3 அன்று கோயில் அலுவலகத்திலேயே வெட்டிக் கொல்லப்பட்டார். சங்கராச்சாரியார் ஜெயேந்திரர் கைதானதால் நாடே கவனித்த வழக்கு அது. 2005-ல் உச்ச நீதிமன்றம் விசாரணையைப் புதுச்சேரிக்கு மாற்றியது. சாட்சி சொன்ன 189 பேரில் 83 பேர் பிறழ் சாட்சியானார்கள். இறந்தவரின் குடும்பத்தார் சொன்னதும் அரசுத் தரப்புக்குக் கைகொடுக்கவில்லை. 2013 நவம்பர் 27-ல் 23 பேரும் விடுதலை. தீர்ப்பை இங்கே அலச வரவில்லை. ஆனால் ஒன்பது வருடம் ஒரு குடும்பத்துக்குச் சின்னக் காலமா?

நம் கோர்ட்டுகளில் சாட்சியும் எதிரியின் சொந்தக்காரர்களும் ஒரே வராந்தாவில்தான் நிற்கிறார்கள். பெயர் கூப்பிடும்வரை அந்தப் பார்வைகளைத் தாங்க வேண்டும். கூப்பிடாமலே வாய்தா போட்டுவிட்டால், இன்னொரு நாள் கூலியை விட்டுவிட்டு மறுபடி வர வேண்டும். எத்தனை முறை வருவார்கள்?

இந்த ஊரை ஆண்ட பிரான்சின் சட்டத்தில் கொலையுண்டவரின் குடும்பமும் வழக்கில் ஒரு தரப்பு. தன் வக்கீலோடு உட்கார்ந்து வாதாடலாம். நம் முறையில் வழக்கு அரசினுடையது, குடும்பம் வெறும் சாட்சி. ஆனாலும் லக்கிம்பூர் கேரி வழக்கில், பாதிக்கப்பட்டவர்களின் குரலை ஒவ்வொரு கட்டத்திலும் கேட்க வேண்டும் என்று 2022-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. புலன் விசாரணை எந்த மட்டில் இருக்கிறது என்பதை 90 நாளுக்குள் அவர்களுக்குப் போலீஸ் தெரிவிக்க வேண்டும் என்கிறது புதிய சட்டமான நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா. எதிரிகள் விடுதலையானால், அரசுக்காகக் காத்திராமல் குடும்பமே அப்பீல் போகலாம். சாட்சிகள் பாதுகாப்புத் திட்டத்துக்கு 2018-லேயே உச்ச நீதிமன்றம் ஒப்புதல் தந்துவிட்டது.

பிள்ளையைப் பறிகொடுத்த வீட்டுக்கு இதையெல்லாம் யார் எடுத்துச் சொல்வது? துக்கம் விசாரிக்க வந்த கார்களில் ஒன்றுகூட வாய்தா நாளில் வருவதில்லை. பத்திரிகைக்காரர்களான நாமும் போவதில்லை. 'நாளைக்குக் கேஸ் இருக்கு, நம்ம வக்கீல் இவர்தான், நான் கூட வர்றேன்' என்று முந்தின நாள் சாயங்காலம் ஒரு கான்ஸ்டபிள் வந்து சொன்னால் போதும், பாதி பயம் போய்விடும். ஒவ்வொரு கொலை வழக்கிலும் அப்படி ஒருவரைப் புதுச்சேரி அரசு நியமிக்க வேண்டும். முத்தியால்பேட்டையிலிருந்தே அதைத் தொடங்கட்டும்.