வருமானமா, வலிக்கு ஈடா?

சென்ற மாதம் நமது சங்கத்து வாசகசாலையில், ஓய்வுபெற்ற சுபேதார் ஐயா ஒருவர் பத்திரிகையை மடித்து வைத்துவிட்டு, “அமெரிக்காவில் காலிழந்த சிப்பாய்க்குப் பென்ஷன் அதிகமாம், அதனால் வீடு இல்லையாம். இது என்ன நியாயம், தம்பி?” என்று வினவினார். அப்பொழுது எனக்கு விடை தெரியவில்லை. பின்னர் விசாரித்தறிந்ததை ஈண்டு எழுதுகிறேன்.

அந்நாட்டில் படைப்பணியால் உடலோ மனமோ பழுதுற்றவர்களுக்கு, ஊனத்தை விழுக்காட்டில் மதிப்பிட்டு மாதந்தோறும் ஈட்டுத்தொகை அளிக்கின்றனர். நூற்றுக்கு நூறு ஊனமென்று மதிக்கப்பெற்ற தனி மனிதருக்கு 2024-இல் கிடைத்தது மாதம் சுமார் 3,737 டாலர். ஆண்டுக்கு ஏறத்தாழ 44,850. நமக்கு இது பெருந்தொகைதான். ஆனால் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் ஒற்றைப் படுக்கையறை வீட்டின் வாடகையே இதில் பாதியை விழுங்கிவிடும்.

வீடற்ற முன்னாள் வீரர்களுக்கென, வீட்டு வசதித் துறையும் படைவீரர் நலத்துறையும் கூடி நடத்தும் வாடகை உதவித் திட்டம் 1992 முதல் உண்டு. குடியிருப்பவர் தம் வருமானத்தில் சுமார் 30 விழுக்காடு செலுத்தினால், மிச்சத்தைச் சர்க்கார் ஏற்கும். ஆனால் வருமான வரம்பு ஒன்று குறுக்கே நின்றது. பொதுவாக, வட்டாரத்து நடுத்தர வருமானத்தில் பாதிக்கு மேற்பட்டவருக்கு இடமில்லை; சில கட்டடங்களிலோ வரம்பு 30 விழுக்காடே. லாஸ் ஏஞ்சல்ஸில் தனி நபருக்கு அது 2024-இல் முப்பதாயிரம் டாலருக்கும் குறைவு. ஆகவே, வேறு வருவாயில்லாத இருவரில் சிறு காயத்துக்குச் சிறு தொகை பெறுபவர் உள்ளே போகலாம். இரு காலும் இழந்தவர் வாயிலில் நிற்க வேண்டும்!

விசித்திரம் இன்னும் உண்டு. வரி இலாகா இத்தொகையை வருமானமாகக் கருதுவதேயில்லை. ஒரு காசும் வரி பிடிப்பதில்லை. வீட்டு இலாகா மட்டும் முழுவதையும் கூட்டிக் கணக்கிட்டது. நாள்தோறும் படிவங்களோடு காலங்கழிக்கும் குமாஸ்தாவாகிய எனக்கு இதில் வியப்பில்லை. ‘வருமானம்’ என்னும் கட்டத்திற்குத் தொகைதான் வேண்டும். அது எதை இழந்து பெற்றது என்று கேட்க அதற்குத் தெரியாது.

லாஸ் ஏஞ்சல்ஸின் மேற்குப் பகுதியில், ஊனமுற்ற வீரர்கள் வாழ்வதற்கென்றே 1888-இல் தானமாகப் பெற்ற நிலமொன்று உண்டு. அங்கே எழும்பிய வீடுகளிலும் இவ்வரம்பு புகுந்தது. வீரர்கள் 2022-இல் வழக்குத் தொடுத்தனர். ஈட்டுத்தொகையை வருமானமாக எண்ணி அவர்களை விலக்குவது பாரபட்சமென்று நீதிபதி டேவிட் கார்ட்டர் 2024-இல் தீர்ப்பளித்தார்.

அவ்வாண்டு ஆகஸ்டில் வீட்டு வசதித் துறையும் இவ்வுதவித் திட்டத்தின் விதியை மாற்றிற்று. தகுதி பார்க்கும்போது, படைப்பணியால் நேர்ந்த ஊனத்திற்குரிய தொகையைக் கணக்கில் சேர்க்கலாகாது. வரம்பும் 80 விழுக்காடாக உயர்ந்தது. எனினும், குடியேறிய பின் வாடகையை நிர்ணயிக்கும்போது அத்தொகை கணக்கில் சேரும்.

இவ்விவரத்தைச் சுபேதார் ஐயாவிடம் சொன்னேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, “அப்படியானால் வாசற்படியில் அது காயம், உள்ளே போனதும் சம்பளம். அவ்வளவுதானே, தம்பி?” என்றார்.

“அவ்வளவுதான், ஐயா” என்றேன்.