இடச்செவியும் சீதனக் காணியும்

புதிதாக மணம் முடித்தவர் ஏதோவொன்றை மறைப்பதும், அதனால் மாமன் மாமியர் ஒன்றை வேறொன்றாகக் கொள்வதும் நகைச்சுவை எழுத்தாளருக்கு என்றும் கைகொடுக்கும் கருவாகும். 1959ஆம் ஆண்டு ஸ்ரீதரின் இயக்கத்தில் வெளிவந்த ‘கல்யாணப் பரிசு’ திரைப்படத்தில், தங்கவேலு நடித்த சம்பத், தொழிலில்லாமலே தொழிலுள்ளவனாகவும், ‘பைரவன்’ என்னும் எழுத்தாளனாகவும் மனைவியிடம் நடிக்கிறான். அதைக் கண்டு நானும் சிரித்தவனே. ஆயினும், இத்தகைய மறைப்பு எங்கே பிறக்கிறது என்று நாம் கேட்பதில்லை. என் கதையையே சொல்கிறேன்.

இளமையில் வந்த காய்ச்சலால் என் இடச்செவி கேளாது. திருமணம் பேசியபோது தரகர், “உதைச் சொல்லாதையுங்கோ, சம்பந்தம் குழம்பிப் போகும்” என்றார். நானும் வாய் திறக்கவில்லை. எங்கள் பகுதி வழமைப்படி பெண்வீட்டிற் குடிபுகுந்தேன். மாமாவின் சாய்மனைக் கதிரையோ என் இடப்பக்கத்தில் அமைந்துவிட்டது.

ஒருநாள் மாலை அவர், “தம்பி, எழுதித் தந்த காணி காணுமோ?” என்று கேட்டிருக்கிறார். முற்றத்து மழையைப் பற்றிக் கேட்கிறார் என்றெண்ணி, “காணாது மாமா, இன்னும் வேணும்” என்று புன்னகையுடன் கூறினேன். அன்றிரவு மாமி உணவருந்தவில்லை. மூன்றாம் நாள் மாமா, தமக்கென வைத்திருந்த தோட்டக்காணியை ஈடு வைக்க நொத்தாரிசிடம் புறப்பட்டார். “இன்னும் எவ்வளவு வேணும் உங்களுக்கு?” என்று மனைவி கண்ணீருடன் கேட்டபோதே எனக்கு நடந்தது விளங்கிற்று. படலைக்கு ஓடி, அவரை மறித்து உண்மையைச் சொன்னேன்.

இன்று பேரப்பிள்ளைகள் இதைக் கேட்டு விழுந்து விழுந்து சிரிக்கின்றனர். எனக்கோ அந்தத் தோட்டக்காணியே நினைவில் நிற்கிறது. 1707ஆம் ஆண்டு ஒல்லாந்தர் தொகுப்பித்த தேசவழமையில் முதுசொம், தேடியதேட்டம் என்பவற்றோடு சீதனமும் இடம்பெறுகிறது. பெற்றோர் மகளுக்குக் கொடுக்கும் சொத்தே அது. அதை மாப்பிள்ளையின் விலையாக மாற்றியது நமது சந்தைப் புத்தி. விலை பேசும் இடத்திற் குறை மறைக்கப்படும். மறைத்தவன் புன்னகைத்தாலும் அது பேரமாகவே தோன்றும்.

ஆகவே, இளம் எழுத்தாளரிடம் ஒரு வேண்டுகோள். புதுமாப்பிள்ளையின் பொய்யைக் காட்டிச் சிரிக்க வையுங்கள். அவனைப் பொய்யனாக்கிய பேரத்தையும் உடன் காட்டுங்கள்.

படலையில் என் சொற்களைக் கேட்ட மாமா ஒன்றும் பேசவில்லை. மறுநாட் காலை பார்த்தேன்: கதிரை என் வலப்பக்கத்தில் இருந்தது.