அழகும் பரிகாசமும்

அழகைப் பரிகசிக்க யாருக்கு அதிகாரம் உண்டு? அழகற்றவள் பரிகசித்தால் பொறாமை என்கிறார்கள். அழகுள்ளவள் பரிகசித்தால் செருக்கு என்கிறார்கள். அமெரிக்கக் கலைஞர் ஹன்னா வில்க் அம்மையார் அடைந்தது இந்த இரண்டாவது நிந்தை.

1974-ஆம் வருஷத்தில் அவர் தொடங்கிய கலைத்தொடருக்குச் சாதனம் சூயிங்கம். பார்க்க வந்தோரை அதை மெல்லச் செய்து, மென்றதை வாங்கிச் சிறு உருவங்களாக்கித் தம் மேனியில் வடுக்கள்போல் ஒட்டிக்கொண்டார். அக்கோலத்துடன், விளம்பர அழகிகளைப்போல் ஒய்யாரமாக நின்று படங்களும் எடுப்பித்தார். ருசி உள்ளவரை மென்று, பின்பு துப்பிவிடும் பண்டமாகவே ஸ்திரீயைச் சமூகம் நடத்துகிறது என்பதே இந்த ஹாஸ்யத்தின் உட்பொருள்.

விமர்சகர் சிலரோ, அம்மையார் தம் அழகில் தாமே மயங்கியவர் என்று பழித்தனர். பிற்காலத்தில் நிணநீர்ப் புற்றுநோய் அவரைப் பற்றிற்று. சிகிச்சையினால் கேசம் உதிர்ந்து, உடல் உருமாறிய நிலையிலும் அவர் முன்போலவே காமெராவின் முன் நின்றார். 1993-இல் காலமானார், மறு வருஷம் அப்படங்கள் நியூயார்க்கில் காட்சிக்கு வைக்கப்பட்டன.

செருக்கு என்று பழித்தோரை நாம் ஒன்று கேட்கிறோம்: அழகைக் காட்டுவதே அவருடைய நோக்கமாயின், அழகு அகன்றபின் படத்துக்கு நிற்பானேன்? ஸ்திரீயின் மதிப்பை அவள் மேனியைக் கொண்டு அளக்கும் கோலையே அவர் எள்ளினார். அக்கோல் தமக்கு அநுகூலமாயிருந்த காலத்திலேயே எள்ளத் துணிந்தார். அதுவே அவருடைய பெருமை என்பது நமது துணிபு.