சிவப்புத் தையலுக்கு எவ்வளவு தரலாம்?

கார் வாங்கப் போகிறவருக்கு வேரியன்ட் பட்டியலின் கடைசி வரிகளில் ஒரு தடுமாற்றம் காத்திருக்கும். எஞ்சின் முடிவாகிவிட்டது, கியர்பாக்ஸ் முடிவாகிவிட்டது, பட்ஜெட்டும் ஏறக்குறைய முடிவாகிவிட்டது. அந்த நேரம் பார்த்து விற்பனையாளர், “சார், இதே வண்டியில ஸ்போர்ட்டியா ஒண்ணு இருக்கு, ஒரு தடவை பார்த்துடுங்களேன்” என்பார். கறுப்பு கிரில், பெரிய அலாய் வீல், பம்பரின் அடியில் சிவப்புக் கோடு, பின்னால் இரட்டைப் புகைக்குழாய், உள்ளே கறுப்பு இருக்கையில் சிவப்புத் தையல். அதைப் பார்த்த கண்ணுக்குச் சாதா வேரியன்ட் கொஞ்சம் வெளிறித்தான் தெரியும். ஷோரூமில் விளக்குகளையும் அதற்கேற்றபடிதானே போட்டு வைத்திருக்கிறார்கள்.

இந்த உடுப்புக்குக் கூடுதல் பணம் தரலாமா? “எல்லாம் ஸ்டிக்கர் வேலை” என்று ஒரு நண்பர் ஒதுக்கிவிடுவார். “வாழ்க்கையில ஒரு தடவை வாங்குறோம், பிடிச்சதையே வாங்கு” என்று இன்னொருவர் தூண்டிவிடுவார். இருவரும் காரின் விவரத் தாளைப் புரட்டிப் பார்த்திருக்க மாட்டார்கள். ஸ்போர்ட்டி என்ற ஒரே பெயருக்குள் வெறும் தோற்றமும் இருக்கலாம், உண்மையான இயந்திர மாற்றமும் இருக்கலாம், வேறு எந்த வேரியன்ட்டிலும் கிடைக்காத ஒரு எஞ்சினோ கியர்பாக்ஸோ அதற்குள் மாட்டிக்கொண்டும் இருக்கலாம். இவற்றைப் பிரித்துப் பார்க்கும்வரை விலை நியாயமா என்ற கேள்விக்கே இடமில்லை.

முதலில் இந்தப் பெயர்களின் வம்சாவளி. பிஎம்டபிள்யூ தன் பந்தயப் பிரிவான ‘எம்’ நிறுவனத்தை 1972இல் தொடங்கியது. அங்கே உருவாகும் கார்களில் எஞ்சின், பிரேக், சஸ்பென்ஷன் எல்லாம் வேறு, விலையும் வேறு. அந்தக் கார்களின் மவுசைச் சாதாரண மாடல்களுக்குக் கொஞ்சம் கடன் கொடுக்கப் பிறந்ததுதான் ‘எம் ஸ்போர்ட்’. ஆடியில் ‘எஸ் லைன்’, மெர்சிடிஸில் ‘ஏஎம்ஜி லைன்’, டொயோட்டாவில் ‘ஜிஆர் ஸ்போர்ட்’ எல்லாம் இதே வழி வந்தவை. சிங்கப்பெருமாள்கோவில் அருகே உள்ள பிஎம்டபிள்யூவின் சென்னை ஆலையில் தயாராகும் எக்ஸ்1 காரில் எம் ஸ்போர்ட் என்று எழுதியிருக்கும். அதன் பெட்ரோல் எஞ்சின் 1.5 லிட்டர், மூன்று சிலிண்டர், 136 பிஎஸ். நல்ல எஞ்சின்தான். ஆனால் பந்தயத் தடத்துக்கும் அதற்கும் சம்பந்தம் எழுத்தளவில்தான்.

ஹூண்டாயின் கதையும் அப்படியே. ‘என்’ என்ற எழுத்து, கொரியாவில் அதன் ஆராய்ச்சி மையம் இருக்கும் நம்யாங்கையும் ஜெர்மனியின் நூர்பர்க்ரிங் பந்தயத் தடத்தையும் குறிப்பது. முழு ‘என்’ கார்கள் நிஜமாகவே முரட்டுத்தனமானவை. வெளிநாடுகளில் விற்ற கோனா என் என்ற கிராஸ்ஓவருக்கு 280 பிஎஸ். நம் ஊரில் அதிகம் கண்ணில் படுவது ‘என் லைன்’. பெயரின் முடிவில் ‘லைன்’, ‘ஸ்போர்ட்’, ‘எடிஷன்’ என்று ஒரு வால் ஒட்டியிருந்தால், அது பெரும்பாலும் உடுப்பு என்று எடுத்துக்கொண்டு மேலே விசாரிக்கலாம்.

மேலே விசாரிப்பதற்கு க்ரெட்டா என் லைன் நல்ல உதாரணம். இருங்காட்டுக்கோட்டை ஆலையில் தயாராகி, 2024 மார்ச்சில் விற்பனைக்கு வந்தது. எஸ்யூவி என்றே நாம் சொன்னாலும் க்ரெட்டா அசல் கிராஸ்ஓவர்: காரின் கட்டுமானத்தின்மேல் உயரமான உடல், முன்சக்கர இயக்கம். என் லைனில் இருக்கும் 1.5 லிட்டர் டர்போ பெட்ரோல் எஞ்சின் 160 பிஎஸ், 253 நியூட்டன் மீட்டர் தருகிறது. சாதா க்ரெட்டாவின் உச்ச வேரியன்ட்டிலும் இதே எஞ்சின், இதே அளவு சக்தி. ஆக, சிவப்புக் கோடு போட்டதால் வண்டி ஒரு நொடிகூட வேகமாகப் போகாது. ஸ்டீயரிங்கையும் சஸ்பென்ஷனையும் சற்று இறுக்கியிருக்கிறோம், புகைக்குழாயின் சத்தத்தை மாற்றியிருக்கிறோம் என்கிறது நிறுவனம். அந்த இறுக்கம் வளைவில் பிடிக்கும். தெருவில் தோண்டி மூடிய பள்ளத்தில் அவ்வளவு பிடிக்காது.

இதுவரை பார்த்தால் ஸ்டிக்கர் கட்சிக்காரர் ஜெயித்துவிட்டது போலத் தோன்றும். ஆனால் அந்த 2024 விலைப்பட்டியலில் ஒரு வேடிக்கை இருந்தது. சாதா க்ரெட்டாவில் டர்போ எஞ்சின் வேண்டுமென்றால் உச்ச வேரியன்ட்டான எஸ்எக்ஸ் (ஓ) மட்டுமே வழி. அதிலும் இரட்டை கிளட்ச் ஆட்டோமேட்டிக் மட்டுமே. ஷோரூம் விலை 20 லட்சத்தை எட்டித் தொடாமல் நின்றது. என் லைனிலோ அதே எஞ்சின் ஆறு கியர் மேனுவலோடு என்8 என்ற கீழ் வேரியன்ட்டில் 16.82 லட்சத்துக்குக் கிடைத்தது. லெவல் 2 ஏடாஸ் எனும் ஓட்டுநர் உதவி வசதிகள் போன்றவை என்10இல்தான் வந்தன என்பது உண்மை. ஆனால் 160 பிஎஸ் எஞ்சினைத் தன் கையால் கியர் போட்டு ஓட்ட ஆசைப்பட்டவருக்கு, ஸ்போர்ட்டி உடுப்புதான் ஒரே வாசல். மூன்று லட்சம் ரூபாய் மலிவான வாசலும்கூட. அவர் சிவப்புத் தையலுக்குப் பணம் தரவில்லை. கியர் லீவருக்குத் தந்தார். தையல் கூடவே வந்தது. ஃபுல் மீல்ஸ் எடுத்தால்தான் பாயசம் என்று வைத்திருக்கும் ஓட்டலில், பாயசத்துக்காகவே மீல்ஸ் வாங்குகிறவரைத் தப்பு சொல்ல முடியுமா?

ஹூண்டாயே 2022இல் வென்யூ என் லைனைக் கொண்டுவந்தபோது எஞ்சின் அதே 120 பிஎஸ்தான். ஆனால் நான்கு சக்கரத்திலும் டிஸ்க் பிரேக் கொடுத்தது. அப்போதைய சாதா வென்யூவில் பின்சக்கரங்களுக்கு டிரம்தான். இதெல்லாம் விளம்பரப் படத்தில் தெரியாது, விவரத் தாளில் தெரியும்.

எதிர்த்திசையிலும் ஓர் உதாரணம் உண்டு. ஃபோக்ஸ்வாகன் டைகுன் 2021இல் வந்தபோது, ‘ஜிடி’ என்ற இரண்டெழுத்து 1.5 லிட்டர், 150 பிஎஸ் எஞ்சினின் அடையாளம். வாங்கியவர்களும் அப்படித்தான் பழகினார்கள். 2024இல் ‘ஜிடி லைன்’ என்று ஒன்று வந்தது: கறுப்பு அலங்காரம் எல்லாம் உண்டு, எஞ்சின் மட்டும் 1.0 லிட்டர், 115 பிஎஸ். பெரிய எஞ்சினோடு அதே தோற்றம் வேண்டுமென்றால் ‘ஜிடி பிளஸ் ஸ்போர்ட்’ என்று இன்னொரு பெயர். ஏமாற்று என்று இதைச் சொல்ல மாட்டேன். எல்லாம் தாளில் அச்சிட்டிருக்கிறது. ஆனாலும் பெயரை நம்பிப் போகிறவர் தடுக்கி விழ இது போதும். ஆகவே விற்பனையாளரிடம் கேட்க வேண்டிய கேள்வி, “இதே எஞ்சின், இதே கியர்பாக்ஸ் உள்ள சாதா வேரியன்ட் எது?” என்பதுதான். அதன் பெயர் தெரிந்ததும் இரண்டு விவரத் தாள்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, டயர் அளவு, பிரேக், சஸ்பென்ஷன், ஏர்பேக் எண்ணிக்கை என்று வரிவரியாகப் பாருங்கள். காலிப்பருக்குச் சிவப்புப் பெயின்ட் அடித்திருந்தாலும் டிஸ்க்கின் அளவு அதேதான் என்றால், அது பெயின்ட் மட்டுமே. பின்னால் குனிந்து பார்த்தால் இரட்டைப் புகைக்குழாயில் எது நிஜம், எது பிளாஸ்டிக் மூடி என்பதும் தெரிந்துவிடும்.

டயருக்குக் கொஞ்சம் நேரம் ஒதுக்க வேண்டும், ஏனென்றால் தினமும் உடம்பில் உணரப்போவது அதைத்தான். சாதா க்ரெட்டாவின் மேல் வேரியன்ட்டில் 215/60 ஆர்17; என் லைனில் 215/55 ஆர்18. முதல் எண் மில்லிமீட்டரில் அகலம். இரண்டாவது, அந்த அகலத்தில் எத்தனை சதவீதம் டயரின் பக்கச்சுவர் உயரம் என்பது. 215இல் 60 சதவீதம் 129 மி.மீ.; 55 சதவீதம் 118 மி.மீ. சக்கரத்தின் மொத்த உயரம் கிட்டத்தட்ட மாறுவதில்லை. ரப்பரின் இடத்தில் 11 மி.மீ. உலோகம் வந்து உட்கார்ந்துகொள்கிறது, அவ்வளவுதான். அந்த ரப்பரும் அதற்குள் இருக்கும் காற்றும்தான் பள்ளத்தின் அடியை முதலில் வாங்குபவை. அது குறைந்தால் அடி நேராக ரிம்முக்கும், அங்கிருந்து இருக்கைக்கும் போகும். திருப்பும்போது சக்கரம் சட்டென்று சொன்னபடி கேட்பது இதற்கு ஈடாகக் கிடைப்பது. வைர வெட்டு அலாய் என்றால் இன்னொரு செலவும் உண்டு: நடைபாதை ஓரத்தில் ஒருமுறை உரசினால் தேய்த்துப் பூசி மறைக்க முடியாது, கடைசல் இயந்திரத்தில் வைத்து முகத்தைச் சீவ வேண்டும், திரும்பத் திரும்பச் சீவவும் முடியாது.

கிராஸ்ஓவரின் சக்கர வளைவுகளிலும் கதவின் அடியிலும் சொரசொரப்பான கறுப்பு பிளாஸ்டிக் ஓடுவதைப் பார்த்திருப்பீர்கள். பெயின்ட் அடிக்காமல் விட்டிருப்பது கஞ்சத்தனமல்ல. கல் தெறித்தாலும் ஸ்கூட்டர் உரசினாலும் அங்கே கீறல் எளிதில் தெரியாது. ஸ்போர்ட்டி பேக்கேஜ்களில் பல அதே இடத்தை உடல் நிறத்திலோ பளபளப்பான பியானோ கறுப்பிலோ மாற்றிவிடுகின்றன. அழகாக இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் கிராஸ்ஓவர் வாங்கியதன் பலன்களில் ஒன்றைப் பணம் கொடுத்துத் திருப்பித் தருகிறோம். பம்பரின் கீழ் உதடு தாழ்ந்திருந்தால் அடுக்குமாடிக் குடியிருப்பின் சாய்தளத்திலும் வீட்டு வாசல் சரிவிலும் அது முதலில் தட்டும். அந்த பம்பர் சாதா மாடலுடையது அல்ல என்பதால், மாற்ற நேர்ந்தால் உதிரிபாகம் வர எத்தனை நாள், விலை என்ன என்று சர்வீஸ் பகுதியில் கேட்டுவிடுவது நல்லது. முழுக்கறுப்பு உட்புறத்தைச் சித்திரை வெயிலில் நிறுத்தி வைத்த காரில் உட்கார்ந்து பார்த்தவர்களுக்கு விளக்கவே வேண்டாம்.

இனி பணம். தமிழ்நாட்டில் 2023 நவம்பர் முதல் கார்களுக்கான ஆயுட்கால வரி விலைப்படி நான்கு படிகளாக இருக்கிறது: 5 லட்சம் வரை 12 சதவீதம், 10 லட்சம் வரை 13, 20 லட்சம் வரை 18, அதற்கு மேல் 20. வருமான வரி போல மேலே போன தொகைக்கு மட்டும் கூடுதல் விகிதம் என்ற கணக்கு இதில் இல்லை. படியைத் தாண்டினால் முழு விலைக்கும் புதிய விகிதம். அதே 2024 விலையில் போட்டுப் பார்ப்போம். 20 லட்சத்துக்குச் சற்றுக் கீழே இருந்த சாதா க்ரெட்டா டர்போவுக்கு 18 சதவீதம், அதாவது 3.60 லட்சம். 20.30 லட்சத்தில் இருந்த என் லைன் என்10 ஆட்டோமேட்டிக்குக்கு 20 சதவீதம், 4.06 லட்சம். ஷோரூமில் 30,000 ரூபாயாகத் தெரிந்த வித்தியாசம், பதிவு முடிந்து வெளியே வரும்போது 76,000. காப்பீட்டை இன்னும் சேர்க்கவில்லை. “ஈஎம்ஐல பார்த்தா ஒண்ணுமே தெரியாது சார்” என்பார்கள். 9 சதவீத வட்டியில் ஐந்து ஆண்டுக் கடனாக எடுத்தால் 76,000க்கு மாதம் ஏறக்குறைய 1,580 ரூபாய். கட்டி முடிக்கும்போது 95,000ஐ நெருங்கியிருக்கும். 2025 செப்டம்பரில் ஜிஎஸ்டி மாறியபின் விலைகள் வேறாகிவிட்டன. ஆனால் படிகள் இருக்கும்வரை இந்தப் பொறி இருக்கும். சிறிய கிராஸ்ஓவர்களுக்கு அது 10 லட்சத்தில் இருக்கிறது, அங்கே 13இலிருந்து 18க்குத் தாவுவது இன்னும் மோசம்.

சரி, சாதா வண்டியை வாங்கி வெளிக்கடையில் இதையெல்லாம் போட்டுக்கொண்டால்? சீட் கவரும் கிரில்லும் போடலாம், மலிவாகவும் முடியும். சக்கர அளவு, புகைக்குழாய், சஸ்பென்ஷன் என்று போனால் வாரன்ட்டியில் தகராறு வரும். காப்பீட்டு நிறுவனத்துக்குச் சொல்லாத மாற்றம் கிளெய்ம் நேரத்தில் தலையெடுக்கும். 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 52ஆம் பிரிவு, தயாரிப்பாளர் கொடுத்த விவரங்களுக்கு மாறாக வண்டியை மாற்றுவதைத் தடுக்கிறது. 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் அதை அழுத்தமாகவே சொன்னது. நிறத்தை முழுதாக மாற்றினால் ஆர்சி புத்தகத்திலும் மாற்ற வேண்டும். கம்பெனியே பொருத்தித் தரும் உடுப்புக்கு இந்தத் தலைவலி எதுவும் இல்லை. அதன் விலையில் இந்த நிம்மதிக்கும் ஒரு பங்கு உண்டு என்று ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

என் அபிப்பிராயத்தைக் கேட்டால்: பேக்கேஜுக்குள் நீங்கள் தேடும் எஞ்சினோ கியர்பாக்ஸோ பிரேக்கோ இருந்து, வேறெங்கும் அது இல்லையென்றால், யோசிக்காமல் வாங்கலாம். வெறும் தோற்றம்தான், ஆனால் வரிப்படியைத் தாண்டவில்லை, மனதுக்கும் பிடித்திருக்கிறது என்றால் அதுவும் வாங்கத் தக்கதே. காரின் அழகுக்குப் பணம் தருவது குற்றமல்ல. பின் இருக்கையில் வயதான அப்பா அம்மா அடிக்கடி வருவார்கள், ஆண்டுக்கு நாலு முறையாவது கிராமத்துச் சாலை உண்டு என்றால், 17 அங்குலச் சக்கரமும் மங்கலான கறுப்பு பிளாஸ்டிக்கும் உள்ள சாதா வண்டிக்கே என் ஓட்டு. மறுவிற்பனையில் போட்டதைத் திருப்பி எடுத்துவிடலாம் என்ற கணக்கை மட்டும் யாரும் போட வேண்டாம். பழைய கார் தரகர் முதலில் பார்ப்பது கிலோமீட்டரையும் சர்வீஸ் சீட்டையும் எத்தனையாவது உரிமையாளர் என்பதையும்தான்.

முன்பணம் கட்டுவதற்கு முன் இரண்டு வேரியன்ட்டுக்கும் ஆன்-ரோடு விலையைத் தனித்தனித் தாளில் எழுதி வாங்குங்கள். இரண்டையும் ஒரே மோசமான தெருவில் ஓட்டிப் பாருங்கள். ஒருமுறை ஸ்டீயரிங்கில், ஒருமுறை பின் இருக்கையில். டெஸ்ட் டிரைவுக்கு ஸ்போர்ட்டி வண்டி மட்டும்தான் இருக்கிறது என்றால், சாதா வண்டி இருக்கும் இன்னொரு டீலரைத் தேடிப் போங்கள்.