நம் பெயரும் அயலார் கட்டமும்

அவிநாசிப் பக்கத்து மாணவர் சிலர் பாஸ்போர்ட்டுப் படிவத்தில் ‘குடும்பப் பெயர்’ என்னுங் கட்டத்தைக் கண்டு திகைத்து நிற்பதை நாம் பார்த்திருக்கிறோம். அவிநாசியப்பன், கருணாம்பாள் முதலியன அவ்வூர்க் கோயிலின் இறைவன், அம்மை பெயர்களைத் தழுவியவை. அவிநாசி எனின் அழிவில்லாதது என்பது பொருள். பிள்ளைக்கு இதனினும் மேலான வாழ்த்துண்டோ?

1946 முதல் 1949 வரை சென்னை மாகாணத்துக் கல்வியமைச்சராயிருந்த தி. சு. அவிநாசிலிங்கம் அவர்கள் பெயரை நோக்குக. ‘தி’ என்பது திருப்பூர். ‘சு’ என்பது தந்தையார் சுப்பிரமணியம். ஊரும் தந்தையும் ஈரெழுத்தாய் ஒதுங்கி நிற்க, முழுதும் விளங்குவது அவருடைய சொந்தப் பெயரே. 1929-ல் செங்கற்பட்டுச் சுயமரியாதை மாநாடு சாதிப்பட்டங்களை விடுமாறு தீர்மானித்தது. அவற்றைப் பலர் விட்டபின் எஞ்சியது இத்தலையெழுத்துத்தான் (விதியைச் சொன்னோமில்லை).

இப்பொழுதோ, கட்டத்தை நிரப்புதற்காகத் தந்தை பெயரை இறுதியில் எழுத, அயல்நாட்டார் மகனைத் தந்தை பெயரிட்டு விளிக்கின்றனர். இதற்கஞ்சி, பாட்டனார் விட்ட பட்டத்தைப் பேரன் மீண்டும் ஒட்டிக்கொள்வதை நாம் ஒப்போம். அலுவலகத்தார் வேண்டின் தந்தை பெயர் அங்கிருக்கட்டும். பிறர் அழைக்க நம் பெயரையே சொல்லுவோம். தாயார் பெயரின் எழுத்தையும் முன்னிடத் தமிழ்நாட்டரசு இசைந்துள்ளது. அதனைக் கைக்கொள்வோர் நம் வகுப்புகளில் மிகச் சிலரே.